பதினைந்தாவது பிள்ளை

கேரளத்தில், உடும்பஞ்சோலைக்கு மேலே ஏலத்தோட்டத்தில் களையெடுக்கும் முத்துப்பேச்சிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. தாத்தா காலத்தில் போடியிலிருந்து மலையேறி வந்த குடும்பம். அவள் பிறந்தது லயத்தில், தோட்டக் கூலிகளின் வரிசை வீட்டில். லயத்தில் எந்த வீட்டுச் சண்டையைத் தீர்க்கவும் அவளைத்தான் கூப்பிடுவார்கள். அதனால்தான் 1974 ஜூனில், மழை பிடித்த வாரம், வாத்தியார் சூசையப்பன் அவளைத் தேடி வந்தார்.

"தமிழ் ஒண்ணாம் வகுப்புக்குப் பதினைஞ்சு பிள்ளைக வேணும்மா. பதினொண்ணுதான் சேந்திருக்கு. திங்கக்கிழமை ஆபீசர் வந்து தலையெண்ணுவாரு. கொறஞ்சா வகுப்பை மூடிருவாக."

வேலை முடிந்ததும் சாக்கைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு லயம் லயமாக ஏறி இறங்கினாள். இரண்டு வீட்டில் ஆளுக்கொரு பிள்ளையை அனுப்பச் சரி என்றார்கள். ராக்கப்பன் மட்டும் பிடிகொடுக்கவில்லை.

"மலையாளம் படிச்சாத்தான் இங்க வேலவெட்டி கெடைக்கும். எம்மவளும் காய் பறிச்சே சாகணுமா?"

அவன் சொல்வதிலும் நியாயம் இருந்தது. முத்துப்பேச்சி தலைச்சாக்கை இறக்கி உதறினாள்.

"மலையாளம் கடைத்தெருவுலயே ஒட்டிக்கிரும்ணே. தமிழெழுத்து அப்பிடி வராது. போடியில அண்ணன் வீட்டுல இருந்த எங்கம்மா போயிட்டான்னு கடுதாசி வந்துச்சு. டீக்கடைக்காரருகிட்ட குடுத்துத்தான் படிக்கச் சொன்னேன். நாலு பேரு கேக்க, எங்கம்மா செத்தத அவரு சத்தமாப் படிச்சாரு."

ராக்கப்பன் தலையைக் குனிந்துகொண்டான். "சரி, அனுப்புறேன்" என்றவன், "ஒம்மக எங்க படிக்கா?" என்று கேட்டான்.

அவளுக்குச் சுருக்கென்றது. ஆறு வயது மகள் செல்லக்கிளியைப் போடியில் அண்ணன் வீட்டில் விட்டுப் படிக்கவைப்பது அவள்தான். ராக்கப்பன் மகளைச் சேர்த்தால் பதினாலு. இன்னும் ஒன்று வேண்டும்.

சனிக்கிழமை விடியலில் மலையிறங்கினாள். மதினி சண்டைக்கே வந்துவிட்டாள். "இங்க லைட்டு இருக்கு, நல்ல பள்ளிக்கூடம் இருக்கு. பிள்ளைய அட்டைக்கடியில கொண்டுபோய்த் தள்ளப் போறியா?" மாமன் பிள்ளைகளைக் கட்டிக்கொண்டு செல்லக்கிளி அழுதாள். ஏற்றம் முழுக்கத் தோளில் கிடந்து தேம்பினாள்.

திங்கட்கிழமை ஆபீசர் வந்தார். ஒவ்வொரு தலையையும் தொட்டு எண்ணினார். பதினைந்து. வாத்தியார் கும்பிட்டதும் முத்துப்பேச்சிக்கு வெட்கமாகிப் போய், களைக்கொத்தை எடுத்துக்கொண்டு வேலைக்கு ஓடினாள்.

வகுப்பு நிலைத்தது. ஆனால் அந்த ஏற்றத்தைச் செல்லக்கிளி மறக்கவில்லை. கோபம் வரும்போதெல்லாம், "என்னைக் கணக்குக் காட்டத்தானே தூக்கிட்டு வந்த?" என்பாள்.

"ஆமா" என்பாள் முத்துப்பேச்சி. "அதோட, நீ இல்லாம என்னால இருக்க முடியல."