மாவில் எழுதிய முதல் கவிதை

என் ஜவ்வரிசி ஆலைக் களத்தில் ஈர மாவு புளித்து மணந்தது. கனடாவிலிருந்து கோவிந்தன் போனில் கூப்பிட்டான். கவிதை, கட்டுரை எழுதிப் பேர் வாங்கியவன்.

"மொதல் கவிதைய அந்தக் களத்துலதான் எழுதினேன். மறந்துபோச்சு. இன்னாடா எழுதினேன்?"

சிறுவயதில் இங்கே இருவரும் மாவு கிளறினோம். மேஸ்திரி நகர்ந்ததும் அவன் மாவில் விரலால் எழுதுவான். அவர் திரும்புமுன் நான் பலகையால் இழுத்து மூடுவேன். இன்று களமே என்னுது!

"அப்போ எனக்கு எழுத்தே தெரியாதேடா."

"பார்த்தவன் நீ ஒருத்தன்தானே?"

கண்ணை மூடினால் அவன் எழுத்தின் வளைவுகள் மட்டும் தெரிந்தன. ஆட்கள் பார்க்க, முதலாளி நான், மண்டிபோட்டு மாவில் வரைந்தேன். பின்னாளில் நானாகக் கற்ற எழுத்தறிவால் அதைக் கூட்டிப் படித்தேன்: மழை.

"காயுற மாவுலயாடா மழைய கூப்ட்ட? மேஸ்திரி பார்த்திருந்தா தோல உரிச்சிருப்பாரு!"

சிரித்தான். "அடுத்த வரி?"

மறுபடி கண்ணை மூடினேன்.