வடக்குச் சுவரின் துளைகள்

கையெழுத்து கோணலாக இருக்கும், எழுத்துப் பிழையும் இருக்கும், மன்னித்துக்கொள்ளுங்கள். நான் படித்தது ஐந்தாம் வகுப்பு வரைதான். நாலு பேர் முன்னால் பேச வராது என்பதால் எழுதுகிறேன்.

திண்டிவனத்தில் வெள்ளைக்காரர் காலத்தில் கட்டிய எங்கள் சபைக் கோயிலைத் திறந்து, பெருக்கி, மணியடிப்பது என் வேலை. வாசல் கல்லில் பணம் கொடுத்த துரையின் பெயர் வெட்டியிருக்கிறது. செங்கல் சுமந்தவர்கள் பெயர் கிடையாது. ஆனால் அவர்கள் வேலை தெரிந்தவர்கள். சுண்ணாம்பு வைத்துக் கட்டிய சுவர். ஜன்னல் படியில் நான் சம்மணம் போட்டு உட்காரலாம், அவ்வளவு தடிமன். ஜன்னல்கள் மேலே கூம்பி, கும்பிடுகிற கை போல முடியும். வடக்குச் சுவரில் ஆறு ஜன்னல், தெற்குச் சுவரில் ஆறு. ஒவ்வொன்றுக்கும் மேலே, கூரையின் தேக்கு உத்தரத்துக்குக் கீழே, தேங்காய் நுழையும் அளவில் ஒரு வட்டத் துளை. ஏணியில் நின்று ஒட்டடை அடிக்கும்போது அதன் வழியாகக் காற்று முகத்தில் அடிக்கும்.

அறுப்பின் பண்டிகைக்கு அவரவர் விளைந்ததைக் கொண்டுவந்து பீடத்தின் முன் வைப்பார்கள். ஒரு வருடம் கேப்பைக் கதிர்களைக் கட்டுக் கட்டாகத் தூண்களில் தொங்கவிட்டோம். பிரசங்கம் நடக்கும்போது அந்தத் துளைகள் வழியாகக் குருவிகள் வந்து கொத்த ஆரம்பித்தன. சபையே சிரித்துவிட்டது. சபைக் கமிட்டியின் செயலாளர் ஓய்வுபெற்ற வாத்தியார். அன்று மாலையே என்னைக் கூப்பிட்டார்.

“அந்த ஓட்டையெல்லாம் சிமெண்டு வெச்சு அடைச்சுடுயா. ஜெபம் பண்ண வந்து குருவிக்கு விருந்து போட்டுக்கினு இருக்கோம்.”

காற்றுக்கு வைத்ததுங்க சார் என்று சொல்ல நினைத்தேன். “சரிங்க சார்” என்றுதான் வந்தது. பன்னிரண்டையும் நானே அடைத்தேன்.

இரண்டு மழைக்காலம் கழித்துச் சுவர் வியர்க்க ஆரம்பித்தது. சுண்ணாம்பு பொருக்குப் பொருக்காக உதிர்ந்தது. பாட்டுப் புத்தகங்களில் பூஞ்சை. விழுப்புரத்திலிருந்து வந்த இன்ஜினீயர் சுவரைத் தட்டிப் பார்த்து, இதன் ஆயுள் முடிந்துவிட்டது, இடித்துவிட்டுக் கான்கிரீட்டில் கட்டுங்கள் என்றார். கிறிஸ்துமஸ் முடிந்ததும் முடிவெடுப்பது என்று கமிட்டி தள்ளி வைத்தது. நான் சாவிக்கொத்தோடு கதவோரம் நின்றிருந்தேன். வாய் திறக்கவில்லை. ஞாயிறுதோறும் எல்லோரும் முழங்காலிட்டுப் பாவ அறிக்கை சொல்லும்போது எனக்கு அந்தத் துளைகள்தான் கண்முன் வந்தன.

கடைசியில் வீட்டில் சொன்னேன்.

“ஊருக்கே கேக்குற மாதிரி மணியடிக்கிற. வாயில மட்டும் இன்னா, சிமெண்டு வெச்சுப் பூசிக்கினு இருக்குறியா?” என்றாள் மனைவி.

மறுநாள் ஏணி போட்டேன். வடக்குச் சுவரில் வெயில் படாது. வெயிலில் காய்ந்தது என்று பிறகு யாரும் சொல்ல முடியாது. அதில் பீடத்துப் பக்கம் மூன்று துளைகளை மட்டும் உளியால் திறந்து, குருவி வராமல் கோழிக்கூண்டுக் கம்பிவலையை அடித்தேன். கார்த்திகை மழை விட்டதும் செயலாளரையும், பிரசங்கம் செய்கிற எங்கள் ஆயரையும் கூட்டிப்போய்க் காட்டினேன்.

“யாரைக் கேட்டுயா தொறந்த?” என்றார் செயலாளர்.

“யாரையும் கேக்கல சார். அடைக்கும்போதும் நான் ஒண்ணும் கேக்கல.”

அவர் பீடத்துப் பக்கம் கை வைத்தார். காய்ந்த சுவர். வாசல் பக்கம் வைத்தார். ஈரக் கையை வேட்டியில் துடைத்துக்கொண்டார்.

“அடைக்கச் சொன்னவன் நான்தானே. அன்னிக்கே ஒரு வார்த்த சொல்லக்கூடாதாயா?”

“கமிட்டியில நீங்களே சொல்லுங்க” என்றார் ஆயர்.

“எனக்குப் பேச வராதுங்க ஐயா.”

“அப்ப எழுதிக் குடுங்க. நான் வாசிக்கிறேன்.”

தாள் வாங்கி நாலு வாரமாயிற்று. நாளைக்குக் கமிட்டி. சொன்னவர் யாராக இருந்தாலும் அடைத்தது என் கை. மீதி ஒன்பது துளைகளையும் திறக்க அனுமதி கொடுங்கள். ஒரு மழைக்காலம் பொறுத்துப் பாருங்கள். அதற்கப்புறமும் சுவர் நனைந்தால், இடிக்க நானே கடப்பாரை கொண்டுவருகிறேன்.

ஜனவரி பத்து, சனிக்கிழமை.