எனக்கு மட்டும் வூடு

போன மழையில் மாரண்டஹள்ளியில் எங்கள் வீட்டுச் சுவர் இடிந்து விழுந்தது. படம் பிடிக்க வந்த யூடியூப் சேனல் பையனிடம், "வூடே போயிடுச்சிங்க" என்று அழுதேன். பக்கத்தில் நின்ற கவுன்சிலரும், "ஆமா, இவங்க வூடு போயிடுச்சி" என்றார்.

மறுநாள் வீடியோ வந்தது. கீழே ஓடிய எழுத்தில் அவர் சொன்னதை 'வீடு' என்றும் நான் சொன்னதை 'வூடு' என்றும் போட்டிருந்தான். பார்த்தவர்களெல்லாம் கமெண்டில் என் பேச்சை எழுதிக்காட்டிச் சிரித்திருந்தார்கள்.

அந்தப் பையனுக்குப் போன் செய்து ஏன் என்று கேட்டேன்.

"அவரு பெரிய மனுசரு, அக்கா. நீங்க பேசுனது மண்வாசனையா இருந்திச்சி."

"இடிஞ்ச செவுத்து மண்ணு உனக்கு வாசனையாடா?" என்று கேட்டுவிட்டு வைத்தேன்.

அந்த வீடியோவை நினைத்தாலே கோபம் வரும். ஆனால் அதற்குப் பிறகு நிவாரணம் கேட்டுத் தாலுகா ஆபீசில் நின்றபோது, என் நாக்கு தானாகவே 'வீடு' என்று திருத்திக்கொண்டது. அதுதான் இன்றுவரை எனக்கு அருவருப்பாக இருக்கிறது.