ஒரு நாள் வேடத்துக்காக ஸ்ரௌவ்வில் வரை

பிற்பகல் மூன்று மணிக்கு ரொறன்ரோவில் இறங்கினோம். பாரிஸிலிருந்து வந்த வழியெல்லாம் மிரேய் அம்மையார் ஒரே வசனத்தை முணுமுணுத்தபடி இருந்தார்: "தனிய இருக்காதேங்கோ. என்னோட வாங்கோ." எழுபத்திரண்டு வயதுப் பிரெஞ்சு நடிகை. தமிழ் தெரியாது. ரொறன்ரோவுக்கு வடக்கே ஸ்ரௌவ்வில் என்ற ஊரில் எடுக்கும் தமிழ்ப் படமொன்றில் அவருக்கு ஒரு நாள் வேடம். வசனம் சொல்லிக்கொடுத்தவன் நான். மொழிபெயர்ப்பாளனாகக் கூட வந்திருந்தேன்.

இயக்குநர் நிரோஜனின் தந்தை சிவா அண்ணை காருடன் காத்திருந்தார். ஐம்பது கிலோமீட்டர் தூரம். 401 நெடுஞ்சாலையில் வாகனங்கள் ஊர்ந்தன. அஜின்கோர்ட்டில் நிறுத்தி, தலா இரண்டு டொலருக்கு ஆட்டிறைச்சி ரோல்ஸ் வாங்கித் தந்தார். மிரேய் தொடவில்லை.

"இவ என்னென்ன வேசத்தில நடிச்சவ?" என்று கேட்டார் அண்ணை.

கேட்டுச் சொன்னேன். தட்டு ஏந்திய தாதி, டிக்கெட் கிழிப்பவள், விருந்தாளிகளின் கோட்டுகளை வாங்கி மாட்டும் பணிப்பெண். நாற்பது வருடம் அப்படித்தான். ஒருமுறை பெரிய வேடம் கிடைத்தது. திரையரங்கில் போய்ப் பார்த்தால், அவர் வாய் அசைய வேறொருத்தியின் குரல் வந்தது. மாற்றப்போவதாக அவரிடம் யாரும் சொல்லவில்லை.

"அது அநியாயம்," என்றார் அண்ணை.

மறுநாள் காலை ஒன்பது மணிக்கு, நிரோஜனின் குடும்ப நண்பரான ஜெயந்தி அன்ரியின் புதுவீட்டில் படப்பிடிப்பு. ஊரிலிருந்து சாவுச் செய்தி வந்து உறைந்துபோன பெண்ணாக அன்ரியே நடித்தார். பக்கத்து வீட்டுக்காரியான மிரேய் அவரைத் தன் வீட்டுக்கு அழைத்துப்போக வேண்டும்.

"தனிய..." என்று தொடங்கினார். மீதி வரவில்லை. மறுபடியும் வரவில்லை. மதியம் கடந்தது. நவம்பர் வெளிச்சம் நாலரைக்கே போய்விடும். நான்தான் சொல்லிக்கொடுத்துக் குழப்பிவிட்டேனோ என்று எனக்குப் பட்டது.

கனடாவில் பிறந்த நிரோஜன் பொறுமையாகத்தான் சொன்னான்: "இட்ஸ் ஓகே அண்ணா. சும்மா வாயை அசைக்கச் சொல்லுங்கோ. பிறகு டப் பண்ணுவம்."

டப் என்ற சொல்லுக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை. மிரேயின் முகம் வெளுத்தது.

"இன்னும் ஒரு தடவை எடுக்கச் சொல்லிக் கேளுங்கள்," என்றார் என்னிடம். "வெறுங்கையோடு எனக்குப் பேச வராது. இந்தப் பெண்ணின் கோட்டு எங்கே?"

அன்ரி தன் குளிர்கோட்டை எடுத்துவந்தார். மிரேய் அதை விரித்துப் பிடித்து, அன்ரியின் ஒரு கையை உள்ளே நுழைத்தார். பிறகு மற்றக் கையை. கழுத்துப்பட்டியைச் சரிசெய்துகொண்டே, "தனிய இருக்காதேங்கோ. என்னோட வாங்கோ," என்றார். அன்ரி அவர் பின்னாலேயே கதவைத் தாண்டிக் குளிருக்குள் போய்விட்டார். கமெராவை நிறுத்தச் சொல்ல நிரோஜனுக்குத் தோன்றவில்லை.

அதற்குப் பிறகும் பயம் தீரவில்லை. "குரலை மாற்றிவிடுவார்களா?" என்று அன்று மாலை மிரேய் பலமுறை கேட்டார்.

அடுத்த நாள் விமான நிலையத்துக்கு நிரோஜன் எங்களோடு வந்தான். "அண்ணா, இவவிட்டச் சொல்லுங்கோ, ஏப்ரலில திரும்பி வரோணும். இன்னும் மூண்டு சீன் எழுதப்போறன்."

"குரல்?"

"அது இவவின்ர குரல்தானே. மாத்த ஏலாது."

சொன்னேன். மிரேய் பெட்டியின்மேல் உட்கார்ந்துவிட்டார். எந்த இயக்குநரும் தன்னை மறுபடி அழைத்ததில்லை என்றார்.

விமானம் மேலெழுந்ததும் என் கையைத் தட்டினார். "மூன்று காட்சியிலும் வசனம் உண்டா?"

"உண்டாம்."

"நீளமா?"

"இன்னும் எழுதவில்லை."

எந்தப் பயணத்திலும் வீடு திரும்புவது எனக்கு ஆறுதல். இந்த முறை ஏப்ரலை நினைத்து, இருவருமே தூங்காமல் பாரிஸ் போய்ச் சேர்ந்தோம்.