ஒரு வார்த்தை கேட்காமல் பிடித்த வண்டி

அம்பாசமுத்திரம் பக்கத்தில் சொந்தமாக மாட்டுவண்டி ஓட்டிப் பிழைத்த பெண் இசக்கியம்மா ஒருத்திதான். தொண்ணூற்றாறாம் வருஷக் கோடையில், காய்ந்த சக்கரத்தின் இரும்புப் பட்டை கழன்றுவிடக் கூடாதே, மரம் கொஞ்சம் ஊறட்டும் என்று வெறும் வண்டியைத் தாமிரபரணியில் இறக்கி நிறுத்தியிருந்தாள். மணல் திருட்டைப் பிடிக்க வந்த அதிகாரிக்கு, பக்கத்தில் மணல் ஏற்றி நின்ற லாரிகள் கண்ணில் படவில்லை. பாவம், அவை அவ்வளவு பெரியவை. சக்கரத்தில் ஒட்டியிருந்த மணல் பட்டுவிட்டது. மாட்டோடு வண்டியை ஆபீசுக்குக் கொண்டுபோய்விட்டார்.

"குத்தத்தை ஒத்துக்கிட்டுக் கைநாட்டு வச்சிட்டு ஓட்டிட்டுப் போ" என்றார்.

"என்ன ஏதுன்னு ஒரு வார்த்தை கேட்டீரா? கேக்காமப் பிடிச்சிட்டு எதை ஒத்துக்கிடச் சொல்லுதீரு?" என்று வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

பசித்த மாடுகள் ஆபீஸ் வாழையைத் தின்னத் தொடங்கின.

"ஏம்மா, மாட்டைப் பிடி!"

"நீருதானே பிடிச்சீரு, நீரே பிடிச்சுக்கிடும்."

சாயங்காலம் அதிகாரி இறங்கி வந்தார். "கைநாட்டும் வேண்டாம். ஓட்டிட்டுப் போயிரும்மா."

"கள்ளி தப்பிச்சிட்டான்னு ஊரு பேசவா? மொதல்ல கேளும்."

கேட்டார். சொன்னாள். குற்றமில்லை என்று எல்லோர் முன்னாலும் சொல்லவும் வைத்தாள். அப்புறமும் எழுந்திருக்கவில்லை.

"இன்னும் என்னம்மா?"

"எங்கன பிடிச்சீரோ, அங்கன கொண்டு விடும்."

ஆறுவரை அதிகாரி அனுப்பிய தலையாரிதான் மாடுகளை இழுத்துப் போனார். இசக்கியம்மா வண்டிமேல் உட்கார்ந்து, "பைய, அண்ணாச்சி" என்றாள்.