மனுவில் இருந்த அரிவாள்

எழுபதுகளில் பாலக்காட்டில் நான் வக்கீல் குமாஸ்தா. பக்கத்து எலப்புள்ளி கிராமத்திலிருந்து ஒரு கட்சிக்காரர் வருவார்; உட்காரவே மாட்டார். தோள்துண்டை முறுக்குவார், பிரிப்பார், மறுபடி முறுக்குவார். தம்பியோடு வரப்புத் தகராறு. வெறும் வரப்பென்றால் கிரிமினல் கோர்ட் எடுக்காது என்று, தம்பி அரிவாளை ஓங்கியதாக நான்தான் மனுவில் ஒரு வரி சேர்த்தேன். எல்லா குமாஸ்தாவும் செய்வதுதான். படித்துக் காட்டியபோது தலையாட்டிக் கைநாட்டு வைத்தார்.

இது நிலத் தகராறு, சிவில் கோர்ட்டுக்குப் போங்கள் என்று மாஜிஸ்திரேட் மனுவைத் தள்ளிவிட்டார்.

வராந்தாவில் அவர் என்னை மறித்தார். “ஏனுங்க, அந்தப் பேப்பரைத் திருப்பிக் குடுப்பாங்களா?”

“கேஸே போயிருச்சு, இனி அது எதுக்குங்க?”

“என்ற தம்பி அருவா ஓங்குனான்னு அதுல இருக்குதுங்களே. அவன் ஓங்கலீங்க.”

கோர்ட்டுக்குப் போன காகிதம் திரும்பாது என்றேன். துண்டை முறுக்கிக்கொண்டே பஸ்ஸுக்கு நடந்தார். என்னை ஒரு வார்த்தை திட்டியிருக்கலாம்.