வீரம்மா மகள் அமராந்து

அமராந்து என்ற பேரை நான் முதன்முதலாகக் கேட்டது அவள் பிறப்பதற்கு ஒன்றரை மாதத்துக்கு முன்னால். அறுபதாம் ஆண்டு, தைப்பொங்கல் முடிந்த கிழமை. இலங்கை மலைநாட்டுக் கம்பளையில் எங்கள் அண்ணன் இருளப்பன் வீட்டில், மதினி வீரம்மாவுக்கு ஒத்தாசையாகத் தங்கச்சி நான் போய் நின்றேன், அங்கேயே தங்கியும்விட்டேன். அண்ணனுக்குப் பேராதனைப் பூந்தோட்டத்தில் பாத்தி கட்டுகிற வேலை. காலை ரயிலில் போய் மாலை ரயிலில் வருவார். அன்றைக்கு வந்தவர் முகம்கூடக் கழுவாமல் அடுப்படி வாசலில் நின்றுகொண்டு, "அமராந்து" என்றார். ஒரு தரம் சொல்லிவிட்டு, சரியாகச் சொன்னோமா என்று தனக்குள்ளேயே இன்னொரு தரம் சொல்லிப் பார்த்தார். வரும் வழியெல்லாம் ரயிலில் அதைத்தான் சொல்லிக்கொண்டு வந்திருக்கிறார்.

மதினி கேட்டு வாங்கிய பேர் அது. அவருக்கு அதற்கு முன்னால் மூன்று பிள்ளைகள் பிறந்து மூன்றும் போய்விட்டன. முதலாவது ஒன்பது நாள், ஆண். இரண்டாவது பன்னிரண்டு நாள், பெண். இரண்டும் பேர் வைக்கிற நாளைக் காணவில்லை. மூன்றாவதுக்குத்தான் பேர் வைத்தோம், மாரிமுத்து என்று. அவன் ஏழு மாதம் இருந்தான். தமிழ்ச் சனத்தைத் தேடி அடித்த ஐம்பத்தெட்டுக் கலவரத்தில் வெளியே போக வழியில்லாமல் கதவைச் சாத்திக்கொண்டு கிடந்த நாட்களில் வயிற்றோட்டம் வந்து போனான்.

இப்படி வரிசையாகப் போனால், அடுத்ததைக் குப்பைமேட்டில் உருட்டியெடுத்து, குப்பை என்றோ பிச்சை என்றோ பேர் வைப்பது எங்கள் சனத்தின் வழக்கம். எமன் பார்த்துவிட்டு, இது என்னத்துக்கு என்று விட்டுவிடுவானாம். எங்கள் சொந்தத்தில் மட்டும் நான் எண்ணிப் பார்த்தால் ஏழு குப்பன், மூன்று குப்பம்மாள், பிச்சை இரண்டு. அண்ணனுக்கு அது பிடிக்கவில்லை. தன் பிள்ளையை யாரும் குப்பை என்று கூப்பிடுவதைக் கேட்டுக்கொண்டிருக்க முடியாது என்றார். மதினிக்கு வேறு பிடிவாதம்.

"பொறந்து பதினாறு நாள் பேர் இல்லாமக் கெடக்கப்படாது. வயித்துல இருக்கும்போதே பேர் இருக்கணும். பேரோட பொறக்கணும்" என்றார்.

"ஆணா பொண்ணான்னு தெரியாம எப்படிம்மா பேர் வைக்கிறது?" என்றார் அண்ணன்.

"ரெண்டுக்கும் ஒத்த பேராக் கொண்டாங்க."

எங்கள் பேர்களில் வாயைத் திறந்து முடிக்கும் முன்னே ஆணா பெண்ணா என்று தெரிந்துவிடும். அண்ணன் ஒரு மாதம் தேடினார். கடைசியில் பூந்தோட்டத்தில் செடிகளுக்குப் பேர்ப்பலகை எழுதிவைக்கிற சோதிலிங்கம் ஐயாவிடம் போய் நின்றார். அவர் யாழ்ப்பாணத்து ஆள், செடிகளைக் காய வைத்துக் கடதாசியில் ஒட்டி வைக்கிறதும் அவர் வேலைதான். அவர் சொன்னதை அண்ணன் அவர் பேச்சிலேயே எங்களுக்குப் பேசிக் காட்டினார்.

"ஓம், இருளப்பன். கிரேக்கம் எண்டு ஒரு தேசம் இருக்கு. அந்தச் சனத்தின்ர பாஷையில அமராந்தோஸ் எண்டால் வாடாதது. பொம்பிளைப் பிள்ளையெண்டாலும் வைக்கலாம், ஆம்பிளைப் பிள்ளையெண்டாலும் வைக்கலாம். ஒருத்தரும் குறை சொல்லமாட்டினம்."

சொன்னதோடு விடவில்லை. காய்ந்த பூங்கதிர் ஒன்றைக் கடதாசியில் மடித்து அண்ணனிடம் கொடுத்தனுப்பியிருந்தார். அது பறித்துப் பதினோரு வருடமாம். மதினி கடதாசியை விரித்ததும் நான் எட்டிப் பார்த்தேன். தண்டு துரும்பாய்ப் போயிருந்தது. கதிர் மட்டும் நேற்றுப் பறித்ததுபோல் சிவப்பாக இருந்தது. தொட்டால் விரலில் ஒட்டுமோ என்று பயந்து மதினி கையை இழுத்துக்கொண்டார்.

"இது நம்ம வாடாமல்லிக்குச் சொந்தமாம்" என்றார் அண்ணன். "குப்பைக்கீரைக்கும் சொந்தமாம். எல்லாம் ஒரே குடும்பமாம்."

"அப்ப வாடாமல்லின்னே வச்சுப்புடலாமே" என்றேன் நான்.

"பையன் பொறந்தா? மல்லி, மல்லின்னு கூப்புட்டா நாளைக்கு எவன் அவனுக்குப் பொண்ணு குடுப்பான்?" என்றார் மதினி. மாரிமுத்து போன பிறகு அவர் வாயிலிருந்து நான் கேட்ட முதல் கேலி அது.

அடுத்த வீட்டுப் பெரியதம்பிதான் குறுக்கே வந்தார். அவர் பத்திரிகையில் மரண அறிவித்தல் விடாமல் படிக்கிற ஆள். "அமரர்னு செத்தவங்க பேருக்கு முன்னாலல்ல போடுவாங்க, இருளப்பா?"

"அது வேற, இது வேற. இது கப்பல் ஏறி வந்தது. நீ பேப்பரப் படி" என்றார் அண்ணன்.

மாசி மாதம் பெண் பிறந்தாள். தொப்புள்கொடி அறுக்கும் முன்னாலேயே மதினி, "அமராந்து, வா" என்றார். ஒன்பதாவது நாள் போனது. பன்னிரண்டாவது நாள் போனது. ஏழாவது மாதம் முழுவதும் மதினி தூங்கவே இல்லை என்றுதான் சொல்லவேண்டும். பிள்ளையின் மூக்கில் கைவைத்துப் பார்ப்பதும், பேரைச் சொல்லிக் கூப்பிடுவதுமாக இருந்தார். அமராந்து தவழ்ந்தாள், நடந்தாள், பள்ளிக்கூடம் போனாள். மதினி அவளை ஆற்றுப் பக்கம் விடமாட்டார், ரயிலில் ஏற்றமாட்டார். பள்ளிக்கூடத்தில் கண்டிக்குப் பெரஹரா ஊர்வலம் பார்க்கக் கூட்டிப்போனபோது அவள் மட்டும் வீட்டில் இருந்தாள். அந்தப் பேர்தான் அவளைப் பிடித்து நிறுத்திவைத்திருக்கிறது என்று மதினி நம்பினார். நானும்தான் நம்பினேன்.

ஊரும் நம்பியது. முதலில் பேர் கேட்டு வந்தவன் ராஜலிங்கம், எங்கள் சின்னம்மா மகன். அவனுக்கு இரண்டு தவறிப்போய் மூன்றாவது வயிற்றில். பையன் பிறந்தான், அமராந்து என்று வைத்தான், பிள்ளை நின்றது. அடுத்தது எங்கள் சொந்தத்துக் கணபதி மகள், அவளுக்குப் பெண். அதன்பிறகு தெரியாதவர்களும் வந்தார்கள். தோட்டங்களிலிருந்து நடந்து வந்து வாசலில் நின்று, "அந்தப் பேரக் குடுங்கம்மா" என்பார்கள். மதினி அமராந்தை முன்னால் கூப்பிட்டு நிறுத்துவார். அவள்தான் சொல்லவேண்டும். வந்தவள் வயிற்றைப் பார்த்துக்கொண்டு, "அமராந்து" என்று மூன்று தரம் சொல்லுவாள். வயிற்றுக்குள் இருப்பது எதுவானாலும் பேர் பொருந்தும் என்பதே அவர்களுக்குப் பெரிய ஆறுதலாக இருந்தது. எண்பத்திரண்டாம் ஆண்டுக்குள் இவளைச் சேர்க்காமல் ஐந்து அமராந்து. மூன்று பையன், இரண்டு பெண்.

அதில் கடைசிப் பெண் பாலம்மாவுடையது. அமராந்து அப்போது கம்பளைக் கடைத்தெருவில் பாயிஸ் டொக்டரின் டிஸ்பென்சரியில் மருந்து கட்டிக் கொடுக்கிற வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். வீட்டுக்கும் அதற்கும் கூப்பிடு தூரம், அதனால்தான் மதினி விட்டார். கலகெதரைப் பக்கம் றப்பர்த் தோட்டத்தில் கட்டிக்கொடுத்த பாலம்மா, பிரசவத்துக்குத் தாய்வீடு வந்தவள், அங்கேதான் இவளைப் பார்த்துப் பேரை வாங்கிப் போனாள்.

எண்பத்து மூன்று ஆடியில் கலவரம். நாங்கள் நாலு நாள் தேயிலைக்குள் கிடந்தோம். மழையில் நனைந்து, பச்சைத் தேயிலையை மென்று, இறங்கி வந்தபோது வீடு இருந்தது, உள்ளே ஒன்றும் இல்லை. அமராந்து இருந்தாள். மதினிக்கு அது போதும்.

ஆவணி பிறந்து ராஜலிங்கம் வந்து சொன்னான். பாலம்மா வீட்டாரும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு றப்பருக்குள் ஓடியிருக்கிறார்கள். பிள்ளைக்கு வயிற்றோட்டம். எட்டு மாதப் பிள்ளை, மூன்றாம் நாள் அங்கேயே முடிந்துவிட்டது.

மதினி அப்படியே சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். "நாளைக்கே கோயிலுக்குப் போறோம். ஒன் பேர மாத்துறோம்" என்றார்.

"எதுக்கும்மா?"

"சாவு அந்தப் பேரக் கண்டுபிடிச்சிருச்சு. இனி அது ஒம் மேல இருக்கப்படாது."

அமராந்து ராஜலிங்கத்துக்குத் தேத்தண்ணி கொடுத்துவிட்டு வந்தாள். "பேர மாத்திக்கிட்டு நான் எப்படிம்மா அந்த அக்கா மொகத்தப் பாக்குறது? நான் குடுத்த பேரு. நான் போகணும்."

"கலகெதரைக்கா? இந்த நேரத்துலயா? கண்டியில கடையெல்லாம் எரிஞ்சு கெடக்கு, பஸ்ல ஆளப் பாத்து எறக்குறான்."

"நாளைக்கு மொத பஸ்ஸுல போறேன்."

இருபத்து மூன்று வருடமாகத் தாய் சொல்லைத் தட்டாத பிள்ளை. அண்ணன் தானும் வருகிறேன் என்றார். ஆண்பிள்ளை கூட வந்தால்தான் வம்பு என்று அவளே தடுத்துவிட்டாள். மதினி விடியும்வரை அழுதார். விடிந்ததும் எழுந்து முகம் கழுவி, தமிழாள் என்று தெரியாமலிருக்கத் தன் நெற்றிப்பொட்டை அழித்தார். "அவ போனா நானும் போறேன்" என்றார். அப்புறம் நான் மட்டும் எப்படி இருப்பது? மூன்று பேரும் ஏறினோம்.

கண்டியில் பஸ் மாறும்போது கரிந்த கடைகளைப் பார்க்காமல் நடந்தோம். கலகெதரை பஸ்ஸில் அமராந்துக்குப் பக்கத்தில் ஒரு சிங்களக் கிழவி. நாங்கள் பின்சீட்டில். கிழவி அவளைத் திரும்பித் திரும்பிப் பார்த்துவிட்டு, சிங்களத்தில் பேர் கேட்டாள். மதினி என் கையைப் பிடித்தார், நகம் பதிந்துவிட்டது. "அமராந்து" என்றாள் இவள். கிழவி அதை வாய்க்குள் போட்டு மெல்லுவதுபோல் இரண்டு தரம் சொல்லிப் பார்த்தாள். எந்த ஊர்ப் பேர், எந்தச் சனத்துப் பேர் என்று ஒன்றும் பிடிபடவில்லை.

"யார் வைத்த பேர்?" என்று கேட்டாள்.

"எங்கம்மா."

"நல்ல பேர்" என்றாள் கிழவி. இரண்டு வளைவு தாண்டுமுன் அமராந்தின் தோளிலேயே சாய்ந்து தூங்கிவிட்டாள். இறங்குகிற இடம் வந்ததும் அவள் தலையை அலுங்காமல் ஜன்னல் பக்கம் சாய்த்துவைத்துவிட்டு அமராந்து எழுந்து வந்தாள். அவ்வளவு நிதானம் அவளுக்கு எங்கிருந்து வந்தது என்று எனக்கு இன்றைக்கும் தெரியவில்லை.

தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தில், பாலம்மாவின் வாசலில் அவள் மாமியார் நின்றாள். "பேரு குடுத்த மகராசி வந்துட்டாடி, பாலம்மா. உசுரோட வந்திருக்கா" என்றாள்.

அமராந்து அவளைத் தாண்டி நடந்தாள். உள்ளே போய் பாலம்மாவுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். பாலம்மா இவளைப் பார்த்துவிட்டு வெகுநேரம் கண்ணை எடுக்கவில்லை. தன் பிள்ளை வளர்ந்திருந்தால் எப்படி இருக்கும் என்று பார்த்தாளோ என்னவோ.

"நான் சரியாத்தானே வச்சேன்? மூணு தரம் சொன்னேனே" என்று கேட்டாள்.

"சரியாத்தான் வச்சீங்க அக்கா. பேரு எதையும் நிறுத்தாது. அந்தப் பிள்ளைக்குக் கொதிச்சாறின தண்ணியும், உப்பும், சீனியும் கெடைச்சிருந்தாப் பொழைச்சிருக்கும். காட்டுக்குள்ள அதுக்கு நீங்க எங்க போவீங்க? உங்க மேல குத்தமில்ல."

மதினியின் முன்னால், மதினி காத்துவைத்த அத்தனையையும் ஒரே பேச்சில் அவள் இல்லையென்று ஆக்கிவிட்டாள். நான் மதினியைப் பார்க்கப் பயந்தேன்.

"வீட்டுல அவ பேர எடுக்கப்படாதுங்கிறாங்க" என்றாள் பாலம்மா. "ஆகாத பேராம்."

"எட்டு மாசம் அந்தப் பேரச் சொல்லித்தானே கூப்பிட்டீங்க? அது அவ பேரு. கூப்பிடுங்க."

பாலம்மா மாமியார் பக்கம் திரும்பிப் பார்த்தாள்.

அப்போதுதான் வாசற்படியில் நின்ற மதினி உள்ளே வந்தார். பாலம்மாவுக்கு எதிரே உட்கார்ந்து அவள் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "தங்கவேலு" என்றார். பிறகு, "பொன்னுத்தாயி" என்றார். பிறகு, "மாரிமுத்து."

எனக்கு முதலில் விளங்கவில்லை. எங்கள் சொந்தத்தில் நாலு தலைமுறைக்கு எனக்குத் தெரியாத பேர் கிடையாது. மாரிமுத்துவைத் தெரியும். மற்ற இரண்டும் ஒன்பது நாளும் பன்னிரண்டு நாளும் இருந்துவிட்டுப் பேரில்லாமல் போனவை என்றுதான் அத்தனை வருடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். பேர் இருந்திருக்கிறது. அண்ணனுக்குக்கூடச் சொல்லாமல் தானே வைத்து, இருபத்தெட்டு வருடம் தனக்குள்ளேயே வைத்துக் கூப்பிட்டுக்கொண்டிருந்திருக்கிறார். நான் அப்படியே சுவரோரம் நின்றேன். கோயில் கதவு திறந்து தீபம் காட்டும்போதுகூட நான் அப்படி நின்றதில்லை.

பாலம்மா அந்த மூன்று பேரையும் கேட்டுவிட்டு, "அமராந்து" என்றாள். இவள் திரும்பவில்லை, அது தன்னைக் கூப்பிட்டதல்ல என்று அவளுக்குத் தெரியும். பாலம்மா திரும்பத் திரும்ப அதையே சொல்லி அழுதாள். வாசலில் நின்ற மாமியாரும் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு உள்ளே வந்து உட்கார்ந்தாள்.

பேர் மாற்றுகிற பேச்சை மதினி அதற்குப் பிறகு எடுக்கவில்லை. திரும்பி வரும்போது மகளைத் தனியாக முன்சீட்டில் உட்காரவிட்டு, தலையைச் சாய்த்துத் தூங்கினார். அந்த மாதமே பாயிஸ் டொக்டர் கேட்டதும், அமராந்து தோட்டம் தோட்டமாக ஏறிப் பிள்ளைகளுக்கு மருந்து கொடுக்கப் போனாள். மதினி தடுக்கவில்லை. போய்வா என்று வாசலோடு நின்றுகொள்வார். யுத்தக் காலம் முழுக்க, சோதனைச்சாவடிகளில் அடையாள அட்டையைப் பார்த்து, இது என்ன பேர் என்று ஆமிக்காரன் கேட்கக் கேட்க, நின்று சொல்லிவிட்டு ஏறிப் போவாள். பேர் கேட்டு வருகிறவர்கள் அதற்குப் பிறகும் வந்தார்கள். அவர்களுக்குப் பேரையும் கொடுத்தாள், தண்ணீரைக் கொதிக்க வைத்து உப்பும் சீனியும் எவ்வளவு போடவேண்டும் என்பதையும் அங்கேயே அடுப்பில் வைத்துக் காட்டிக் கொடுத்தாள். மதினி தொண்ணூற்றாறில் போனார்.

அமராந்துக்கு இப்போது அறுபத்தைந்து வயது. கண் கொஞ்சம் மங்கல். கண்டிக்குப் பக்கம் குண்டசாலையில் மகன் வீட்டில் இருக்கிறாள்.